உழவு மாடுகளில் கொம்புப் புற்றுநோய்: கொம்பு சாயும் வரை காத்திருத்தல் ஆகாது

விதைப்புக்கு ஈரம் வாய்த்திருக்கும் நேரம். ஏரில் பூட்டிய ஜோடியில் ஒரு மாடு அடிக்கடி தலையை உதறுகிறது. அவிழ்த்து விட்டதும் நேராக வேப்பமரத்துக்குச் சென்று கொம்பை உரசுகிறது. ஈத் தொல்லை என்று விவசாயி விட்டுவிடுகிறார். ஒரு மாதம் சென்றபின் ஒரு பக்க மூக்கிலிருந்து இரத்தம் கலந்த சளி வடிகிறது. வெயில் சூடு என்று மோரும் வெங்காயமும் கொடுக்கிறார். மேலும் சில வாரங்களில் கொம்பு சாய்ந்து, ஓடு கழன்று, புழு வைத்து, துர்நாற்றம் வீசத் தொடங்கியபிறகே மாடு கால்நடை மருந்தகத்துக்கு ஓட்டிச் செல்லப்படுகிறது. அதற்குள் காலம் கடந்துவிடுகிறது.

இது எந்த ஊரிலும் நடக்கக்கூடியது. டிராக்டர் பெருகிவிட்ட இந்நாளிலும் சிறு வயல்களை உழவும், பயிருக்கு மண் அணைக்கவும், எரு வண்டி இழுக்கவும் மாடுகளையே நம்பியுள்ள குடும்பங்கள் உண்டு. ஜோடியில் ஒன்று விழுந்தால் மற்றதும் கொட்டிலில் நிற்க வேண்டியதுதான். உயரமும் நடையும் ஒத்த மற்றொரு மாட்டைத் தேடிப் பிடித்துப் பழக்குவதற்குள் ஒரு பட்டம் தவறிவிடும். ஆகவே, கொம்புப் புற்றுநோயைத் தொடக்கத்திலேயே கண்டறிவது எப்படி என்பதை மாடு வளர்ப்போர் அனைவரும் தெரிந்து வைத்திருத்தல் நலம்.

எந்த மாடுகளுக்கு வருகிறது?

கொம்புப் புற்றுநோய் நமது நாட்டு மாட்டினங்களில் காணப்படும் முக்கியமான புற்றுநோய்களுள் ஒன்று. குஜராத், மகாராஷ்டிரம், உத்தரப் பிரதேசம், தமிழ்நாடு முதலிய மாநிலங்களில் இது காணப்படுகிறது. நீண்ட, பருத்த கொம்புகளையுடைய இனங்களில், குறிப்பாகக் குஜராத்தின் காங்கிரேஜ் இனத்தில், மிகுதியாகப் பதிவாகியுள்ளது. எருமைகளில் மிக அரிது.

பெரும்பாலும் 5 வயது முதல் 10 வயதுக்குட்பட்ட மாடுகளே பாதிக்கப்படுகின்றன. காயடித்த உழவு மாடுகளில் இந்நோய் அதிகம், பசுக்களில் அதைவிடக் குறைவு, பொலிகாளைகளில் அரிது. அதாவது, ஒரு மாடு நன்கு பழகி, முழு உழைப்பைத் தரும் வயதில்தான் இந்நோய் தாக்குகிறது. இழப்பு பெரிதாக இருப்பதற்கு இதுவே காரணம்.

இது தொற்றுநோய் அன்று. ஒரு மாட்டிலிருந்து மற்ற மாட்டுக்கோ, மனிதருக்கோ பரவாது. நோயுற்ற மாட்டுடன் ஒரே கொட்டிலில் கட்டியிருந்த காரணத்துக்காக அதன் ஜோடி மாட்டை விற்றுவிட வேண்டியதில்லை.

கொம்பின் உள்ளமைப்பு

கொம்பு என்றால் வெறும் கெட்டி ஓடு என்று பலர் எண்ணுகின்றனர். வெளியே தெரிவதுதான் ஓடு. அதன் உள்ளே மண்டையோட்டிலிருந்து வளர்ந்த எலும்பு இருக்கிறது. கன்றுக்கு ஏறத்தாழ 6 மாதம் ஆனபிறகு அந்த எலும்பின் நடுவே ஒரு வெற்றிடம் உண்டாகிறது. இவ்வெற்றிடம் நெற்றி எலும்பின் உள்ளே இருக்கும் காற்றறையோடும், அதன் வழியாக மூக்கோடும் தொடர்புடையது. வெற்றிடத்தின் உட்சுவரை மெல்லிய சவ்வு ஒன்று போர்த்தியிருக்கிறது.

கொம்புப் புற்று பெரும்பாலும் இந்தச் சவ்விலிருந்தே தோன்றுகிறது. ஓட்டுக்குள்ளே மறைந்து வளர்வதால் முதலில் வெளியே ஒன்றும் தெரிவதில்லை. ஆனால் உள்ளே கசியும் இரத்தமும் சீழும் அந்தப் பக்கத்து மூக்கு வழியாக வெளிவரும். கொம்பில் உள்ள நோயை மூக்கு முதலில் காட்டிக் கொடுப்பது இதனால்தான். இந்த ஓர் உண்மையை மனதில் இருத்திக்கொண்டால், நோயைக் கண்டறிவதில் பாதி வேலை முடிந்தது எனலாம்.

காரணங்கள்

இந்நோய்க்கு ஒரே காரணம் என்று எதையும் ஆராய்ச்சியாளர்கள் அறுதியிடவில்லை. பல காரணங்கள் சேர்ந்து செயல்படுவதாகக் கருதப்படுகிறது. கொம்பின் அடியில் நாள்தோறும் ஏற்படும் உரசலும் அடியும், கொம்பை ஆழமாகச் சீவுதல், இரசாயன வண்ணங்களைத் தொடர்ந்து பூசுதல், கடும் வெயில், காயடித்தபின் உடலின் சுரப்பிநீர்களில் ஏற்படும் மாறுதல் ஆகியவை ஐயத்துக்குரியவை. இவற்றுள் விவசாயியின் கையில் இருப்பவை சில. அவற்றை மட்டுமாவது தவிர்ப்பது அறிவுடைமை.

அறிகுறிகள்

நோயின் அறிகுறிகளை மூன்று கட்டங்களாகப் பிரித்துக் காணலாம்.

முதல் கட்டம்: மாடு காரணமின்றித் தலையை உதறும். மரத்திலும் முளையிலும் கொம்பை அடிக்கடி உரசும். கொம்பின் அடியைத் தொட விடாது. தொட்டால் தலையை இழுத்துக்கொள்ளும். ஒரு பக்க மூக்கில் மட்டும் சளியோ, இரத்தம் கலந்த நீரோ விட்டு விட்டு வரும். தீனி எடுப்பதிலும் அசைபோடுவதிலும் குறைவிராது. ஆகவே இந்தக் கட்டம் கவனிக்கப்படாமலேயே கழிந்துவிடுகிறது.

இரண்டாம் கட்டம்: மாடு நோயுள்ள பக்கமாகத் தலையைச் சாய்த்து நிற்கும். கொம்பின் அடி வீங்கி, தொட்டால் சுடும். கொம்பு சிறிது சிறிதாகத் தன் நிலையிலிருந்து சாயத் தொடங்கும், ஆட்டினால் அசையும். மூக்கொழுக்கில் துர்நாற்றம் இருக்கும். நுகத்தடி வைக்கப் போனால் மாடு பின்வாங்கும்.

மூன்றாம் கட்டம்: ஓடு வெடித்தோ கழன்றோ விழுந்துவிடும். உள்ளே இருந்து காலிபிளவர் போன்ற சதை வளர்ந்து, சிறிது தொட்டாலும் இரத்தம் கொட்டும். ஈ மொய்த்துப் புழு வைக்கும். மாடு தீனியைக் குறைத்து மெலியும். புற்று நெற்றி எலும்புக்குள் பரவினால் கண் பிதுங்குதல், வட்டமிட்டு நடத்தல், தள்ளாடுதல் ஆகியவை காணப்படும். கழுத்துப் பகுதி நெறிக்கட்டிகளுக்கும், சில மாடுகளில் நுரையீரலுக்கும் புற்று பரவுவதுண்டு.

வீட்டிலேயே செய்யக்கூடிய சோதனை

5 வயதுக்கு மேற்பட்ட மாடுகளை வாரம் ஒருமுறை கீழ்க்கண்டவாறு சோதித்துப் பார்க்கலாம். இதற்குச் செலவு ஏதும் இல்லை. ஐந்து நிமிடம் போதும்.

1. காலையில் வெயில் ஏறுமுன், இரு உள்ளங்கைகளாலும் இரு கொம்புகளின் அடியையும் ஒரே நேரத்தில் பிடித்துப் பார்க்க வேண்டும். ஒரு பக்கம் மட்டும் சூடு அதிகமாக இருந்தால் அது முதல் எச்சரிக்கை.

2. விரல் முட்டியால் இரு கொம்புகளையும் அடிப்பகுதியில் மெதுவாகத் தட்டிப் பார்க்க வேண்டும். நல்ல கொம்பு உள்ளே வெற்றிடம் உள்ளதற்கேற்ப ஒலிக்கும். உள்ளே சதையோ சீழோ அடைத்துக்கொண்ட கொம்பு மந்தமாக ஒலிக்கும். தேங்காயைத் தட்டி வாங்கத் தெரிந்தவருக்கு இந்த வேறுபாடு எளிதில் விளங்கும்.

3. இரு மூக்குத் துளைகளையும் தனித்தனியே பார்க்க வேண்டும். ஒன்றில் மட்டும் ஒழுக்கு இருந்தால் அந்தப் பக்கத்துக் கொம்பை ஐயப்பட வேண்டும்.

4. மாட்டின் நேர் எதிரில் நின்று இரு கொம்புகளின் வளைவும் ஒத்திருக்கின்றனவா என்று பார்க்க வேண்டும்.

இவற்றுள் இரண்டு மாறுதல்கள் சேர்ந்து காணப்பட்டால், கொம்பு சாயட்டும் என்று காத்திராமல் உடனே கால்நடை மருத்துவரிடம் காட்ட வேண்டும்.

மற்ற நோய்களிலிருந்து வேறுபாடு

மூக்கில் இரத்தம் வந்தாலே புற்று என்று அஞ்ச வேண்டியதில்லை. குளம், குட்டைகளில் நீர் குடிக்கும் மாடுகளின் மூக்கில் அட்டை புகுந்துகொண்டாலும் ஒரு பக்க மூக்கில் இரத்தம் வரும். அப்போது கொம்பில் சூடோ வலியோ இராது. அட்டையை எடுத்தவுடன் நின்றுவிடும்.

மூக்கில் பூப்போன்ற சதை வளர்ந்து, மாடு குறட்டை விட்டு மூச்சு வாங்கும் நோய் ஒன்றும் நம் பகுதிகளில் உண்டு. இது நத்தைகள் வழியாகப் பரவும் ஒருவகை இரத்தப் புழுவால் வருவது. இதிலும் கொம்பு நன்றாகவே இருக்கும்.

மாடுகள் முட்டிக்கொண்டு கொம்பு முறிந்தால் வீக்கம், இரத்தம், மூக்கொழுக்கு மூன்றும் வரலாம். ஆனால் அவை அடிபட்ட அன்றே தோன்றும். புற்றில் அவை மெல்ல மெல்ல வளரும். அடிபட்ட கொம்பு ஆறாமல் வாரக்கணக்கில் சீழ் வைத்துக்கொண்டிருந்தால், அதையும் மருத்துவரிடம் காட்டுதல் வேண்டும். ஐயம் எழுமிடத்து மருத்துவர் சிறிது சதையை எடுத்து ஆய்வுக்கூடத்துக்கு அனுப்பி நோயை உறுதி செய்துகொள்வார்.

செய்யக் கூடாதவை

கொம்பின் அடியில் சூடு போடுதல் கூடாது. அதனால் புற்று ஒருபோதும் கருகிவிடாது. புண் ஒன்று கூடுவதே மிச்சம். சாயும் கொம்பை நிமிர்த்திக் கட்டுப் போடுவதாலும் பயனில்லை.

புழுவைக் கொல்வதற்காகப் பயிருக்கு அடிக்கும் பூச்சிமருந்தைக் கொம்புத் துளையில் போடும் பழக்கம் மிகக் கொடியது. கொம்பின் உட்பகுதி மூக்கோடு தொடர்புடையதாகையால் மருந்து மூச்சிலும் தொண்டையிலும் இறங்கி மாடு சில மணி நேரத்திலேயே மடியக்கூடும். மண்ணெண்ணெய் ஊற்றுவதும் தவறு. மருத்துவர் வரும் வரை சுத்தமான துணியால் புண்ணை மூடி, சுற்றிலும் உள்ள நல்ல தோலில் வேப்பெண்ணெய் தடவி, ஈ மொய்க்காமல் பார்த்துக்கொண்டால் போதும்.

நோயை மறைத்து மாட்டைச் சந்தையில் விற்பதும் முறையன்று. வாங்குபவரும் ஒரு சிறு விவசாயியாகவே இருப்பார்.

அறுவை மருத்துவம்

இந்நோய்க்கு முதன்மையான மருத்துவம், கொம்பை அடியோடு அறுத்து எடுத்து, உள்ளிருக்கும் புற்றுச் சதை முழுவதையும் நீக்கிவிடுதலே. கண்ணின் வெளிமுனைக்கும் கொம்பின் அடிக்கும் இடையே ஓடும் நரம்பைச் சுற்றி மரப்பு ஊசி போட்டு, மாட்டுக்கு மயக்கமும் கொடுத்து மருத்துவர் இதைச் செய்வார். நோய் கொம்புக்குள் அடங்கியிருக்கும்போதே அறுவை செய்தால் மாடு பிழைத்து மீண்டும் ஏர் இழுக்க நல்ல வாய்ப்பு உண்டு. நெற்றி எலும்புக்குள் சென்றபின் செய்தால் புற்று மீண்டும் முளைக்கும். வெற்றிக்கும் தோல்விக்கும் இடையே உள்ள வேறுபாடு பெரும்பாலும் விவசாயி எப்போது மாட்டை ஓட்டி வந்தார் என்பதைப் பொறுத்தே அமைகிறது.

அறுவைக்கு முன் தீவனத்தையும் நீரையும் எப்போது நிறுத்தச் சொல்கிறார்களோ அப்போதே நிறுத்திவிட வேண்டும். வயிறு நிறைந்த மாட்டை மயக்கிப் படுக்க வைத்தால் வயிறு உப்பும். இரைப்பையில் உள்ளது மேலேறி மூச்சுக்குழலில் புகுந்துவிடும். பாவம், பட்டினி கிடக்கிறதே என்று இரக்கப்பட்டு ஒரு பிடி புல் போடுவதும் ஆபத்தாக முடியும்.

அறுவைக்குப்பின் பராமரிப்பு

அறுத்த இடத்தைத் தோலால் மூடித் தைக்க முடிந்தால் புண் ஏறத்தாழ இரண்டு வாரங்களில் கூடிவிடும். புற்று தோலையும் தின்றுவிட்டிருந்தால் மூட முடியாது. திறந்த புண் ஆற மாதக் கணக்கில் ஆகலாம். இந்த நாட்களில் கவனிக்க வேண்டியவை:

புண்ணில் தண்ணீர் படக் கூடாது. திறந்த துளை வழியாக நீர் மூக்குக்கும் மூச்சுக்குழலுக்கும் இறங்கும். எனவே மாட்டைக் குளத்தில் இறக்குதல், தலையில் நீர் ஊற்றிக் கழுவுதல், மழையில் கட்டுதல் ஆகியவற்றை விலக்க வேண்டும்.

சீழ் எதிர்ப்பு ஊசிகளை, மாடு தேறிவிட்டது போல் தோன்றினாலும், மருத்துவர் சொன்ன நாட்கள் வரை தவறாமல் போட வேண்டும். கட்டு மாற்றும் நாட்களையும் தவறவிடக் கூடாது.

மற்ற மாடுகள் முட்டாதவாறு தனியே கட்ட வேண்டும். தலைக்கயிறு புண்ணில் உரசாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். பசும்புல்லோடு தவிடு, பிண்ணாக்கு கொடுத்து உடலைத் தேற்ற வேண்டும். புண் முற்றிலும் ஆறி, மருத்துவர் சம்மதித்தபின்னரே நுகத்தடியில் பூட்ட வேண்டும். முதலில் அரை நாள் இலேசான வேலையே போதும். ஆறியபிறகும் மாதம் ஒருமுறை வடுவையும், எஞ்சியுள்ள மற்றொரு கொம்பையும் சோதித்து வருதல் வேண்டும்.

நித்தியகல்யாணி தந்த மருந்து

அறுவையுடன் வின்கிரிஸ்டின் என்னும் மருந்தை இரத்தக் குழாயில் செலுத்தும் முறையும் கையாளப்படுகிறது. உடல் எடையில் ஒரு கிலோவுக்கு 0.025 மில்லிகிராம் என்ற அளவில், வாரத்துக்கு ஒரு முறையாக, பெரும்பாலும் மூன்று முறையோ சற்றுக் கூடுதலாகவோ இது செலுத்தப்படுகிறது. தொடக்க நிலைப் புற்றுகள் இதனால் சுருங்குவதுண்டு.

மனிதரின் இரத்தப் புற்றுநோய்க்காக 1963-ஆம் ஆண்டில் புழக்கத்துக்கு வந்த இம்மருந்து, சுடுகாட்டு மல்லி என்று நம் ஊர்களில் வழங்கும் நித்தியகல்யாணிச் செடியிலிருந்து பிரித்தெடுக்கப்பட்டதாகும். தென் மாவட்டங்களின் மானாவாரி நிலங்களில் இது பயிராகவும் சாகுபடி செய்யப்படுகிறது. ஆனால் இதைக் கேட்டுவிட்டு அச்செடியின் இலையை அரைத்து மாட்டுக்குக் கொடுத்தல் ஆகாது. இலையில் இம்மருந்து மிக மிகச் சிறிய அளவிலேயே உள்ளது. அதோடு இருக்கும் பிற பொருள்கள் நஞ்சாகும். நோய் தீராது, மாடு கெடும்.

இம்மருந்து கடுமையானது. இரத்தக் குழாய்க்கு வெளியே சிறிது கசிந்தாலும் அந்த இடத்துச் சதை அழுகிவிடும். எனவே மருத்துவரைத் தவிர வேறெவரும் இதைக் கையாளக் கூடாது. ஊசி போட்ட சில நாட்களுக்கு மாடு தீனி குறைவாக எடுக்கலாம். நோய் எதிர்ப்பு வலிமையும் குறையும். அந்நாட்களில் சாணம், கோமியம் அள்ளும்போது கையுறை அணிந்து, பின்னர் சோப்பால் கைகழுவ வேண்டும். கர்ப்பிணிப் பெண்களை அந்த வேலையில் ஈடுபடுத்தலாகாது. பசுவாக இருந்தால், மருத்துவர் அனுமதிக்கும் வரை பாலை வீட்டுக்கோ விற்பனைக்கோ கன்றுக்கோ பயன்படுத்தக் கூடாது.

காப்பாற்ற இயலாத நிலை

கண் பிதுங்கி, தள்ளாடி, தீனியை விட்டுவிட்ட மாட்டுக்கு அறுவையோ மருந்தோ பயன் தராது. அந்நிலையில் கடன் வாங்கிச் செலவு செய்வதும், மாட்டைப் புழு தின்ன விட்டுக் காத்திருப்பதும் நல்லதன்று. வலியின்றி அதன் துன்பத்தை முடித்து வைப்பது பற்றிக் கால்நடை மருத்துவரிடம் மனம் விட்டுப் பேசலாம். ஆண்டுக்கணக்கில் உழைத்த மாட்டுக்குச் செய்யும் கடைசி உதவியாகவே அதைக் கொள்ள வேண்டும். காப்பீடு செய்த மாடானால், காதுத் தோட்டை அகற்றாமல், காப்பீட்டு நிறுவனத்துக்கு முன்கூட்டியே தெரிவித்துவிட வேண்டும்.

வருமுன் காத்தல்

கொம்பு இல்லாத மாட்டுக்குக் கொம்புப் புற்று இல்லை. கன்று பிறந்த 7 முதல் 15 நாட்களுக்குள் கொம்பு முளையைக் கருக்கிவிடுவது எளிய, முழுமையான தடுப்பு முறையாகும். அந்த வயதில் முளை தோலோடு மட்டுமே ஒட்டியிருக்கும், மண்டையோட்டோடு சேர்ந்திராது. மரப்பு ஊசி போட்டு, பழுக்கக் காய்ச்சிய கருவியால் பயிற்சி பெற்றவர் சில விநாடிகளில் இதைச் செய்து முடிப்பார். நாகப்பட்டினம், திருவாரூர் பகுதிகளின் உம்பளாச்சேரி உழவு மாடுகளுக்குக் கொம்பு நீக்கும் வழக்கம் நெடுங்காலமாக இருந்து வருகிறது. அவற்றுக்கு மொட்டை மாடு என்றே ஒரு பெயரும் உண்டு. கொம்பில்லாததால் அவை சேற்றுழவில் எவ்விதத்திலும் குறைந்துவிடுவதில்லை.

காங்கேயம், புலிக்குளம் போன்ற இனங்களை வளர்ப்போர் கொம்பின் அழகை விட மனம் கொள்ளார். அவர்கள் பின்வருவனவற்றைக் கடைப்பிடிக்கலாம். கொம்பைச் சீவும்போது மேல் சொரசொரப்பை மட்டும் எடுக்க வேண்டும். இளஞ்சிவப்பு தெரியுமளவுக்குச் சீவலாகாது. மாட்டுப் பொங்கலுக்கு எண்ணெய் வண்ணங்களைத் தவிர்த்துக் காவி, சுண்ணாம்பு, மஞ்சள் பூசலாம். குப்பி மாட்டினால் அது கொம்பை இறுக்காமல் இருக்க வேண்டும். ஜோடி மாடுகளின் கொம்புகள் ஒன்றோடொன்று இடிக்காத அளவுக்கு நுகத்தடியின் நீளம் இருக்க வேண்டும். கொம்பில் கயிறு கட்டி இழுத்தல், கொம்பில் தடியால் அடித்தல் ஆகியவற்றை அடியோடு விட்டுவிட வேண்டும்.

எங்கே செல்வது?

ஐயம் ஏற்பட்டவுடன் அருகிலுள்ள அரசு கால்நடை மருந்தகத்தை அணுகலாம். மாட்டை ஓட்டிச் செல்ல இயலாதவர்கள் 1962 என்ற எண்ணில் நடமாடும் கால்நடை மருத்துவ வண்டியை அழைக்கலாம். பெரிய அறுவை தேவைப்பட்டால் தமிழ்நாடு கால்நடை மருத்துவ அறிவியல் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த சென்னை வேப்பேரி, நாமக்கல், ஒரத்தநாடு, திருநெல்வேலி ஆகிய இடங்களின் கல்லூரி மருத்துவமனைகளுக்குக் கொண்டு செல்லலாம்.

நினைவில் கொள்ள வேண்டியவை

* தலையை உதறுவதும், கொம்பை உரசுவதும், ஒரு பக்க மூக்கில் மட்டும் இரத்தச் சளி வருவதும் சேர்ந்திருந்தால் கொம்பை ஐயப்பட வேண்டும்.
* சூடு, தட்டொலி, மூக்கு, வளைவு ஆகிய நான்கையும் வாரந்தோறும் பார்க்க வேண்டும்.
* கொம்புத் துளையில் பூச்சிமருந்தோ மண்ணெண்ணெயோ ஊற்றக் கூடாது.
* அறுவை தொடக்கத்தில் செய்தால் மாடு மீளும், தாமதித்தால் மீளாது.
* கன்றிலேயே கொம்பு முளையைக் கருக்கினால் இந்நோய்க்கு இடமே இல்லை.

சாய்ந்த கொம்பை ஊரார் அனைவரும் காண்பர். சாய்வதற்கு முன் அதைக் காணக்கூடியவர், நாள்தோறும் அந்த மாட்டுக்குத் தண்ணீர் காட்டித் தீனி வைப்பவர் ஒருவரே. அவர் காலையில் செலவிடும் ஐந்து நிமிடம், ஜோடி குலையாமல் அடுத்த பட்டத்துக்கும் ஏர் பூட்ட வழி செய்யும்.